டமாரம் எந்தக் கோர்ட்டைச் சேர்ந்தவள்

சலூன்காரர் வழக்குப் போடுவதென்று முடிவு செய்தது வீட்டிலும் இல்லை, வக்கீல் அலுவலகத்திலும் இல்லை. கடையில்தான், ஒருவருக்குப் பாதி முகம் சவரம் ஆகியிருந்தபோது.

"குழந்தை உங்க தம்பி பொண்ணு. உங்க ரத்தம். நீங்க கேக்காம வேற யாரு கேப்பாங்க?" என்றார் பாதி முகத்துக்காரர். மீதி முகம் நுரையில் இருந்தது. சுவரோரப் பெஞ்சில் முறைக்குக் காத்திருந்தவர்கள் எல்லோரும் ஆமாம் போட்டார்கள்.

தம்பி மகளுக்கு எட்டு வயது. எதையும் மனதுக்குள் வைத்துக்கொள்ளத் தெரியாத பெண். காதில் விழுந்தது மறு நிமிடம் தெருவுக்கே தெரிந்துவிடும். அதனால் வீட்டில் அவளுக்கு டமாரம் என்று பெயர் வைத்திருந்தார்கள். அவள் கைக்குழந்தையாக இருந்தபோதே தாய் இறந்துவிட்டாள். தம்பி குழந்தையைத் தூக்கிக்கொண்டு, மனைவியின் தங்கை இருந்த ஊருக்கே குடிபோனான். பஸ்ஸில் போனால் அரைநாள் பிடிக்கும் ஊர். சித்தி அங்கே கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி நடத்தினாள். அக்கா பெண்ணை அவள்தான் குளிப்பாட்டி, சோறூட்டி, பள்ளிக்கூடத்தில் சேர்த்து வளர்த்தாள். போன வருஷம் தம்பியும் மாரடைப்பில் போய்ச் சேர்ந்தான். டமாரம் சித்தியோடு இருந்துவிட்டாள். தம்பியின் பழைய வீடு மட்டும் சலூனுக்குப் பின்தெருவில் பூட்டிக் கிடந்தது.

சலூன்காரருக்கும் அவர் மனைவிக்கும் பிள்ளை இல்லை. பள்ளி விடுமுறைக்கு டமாரம் வந்து இறங்கியதும் வீடு தலைகீழானது. கடையும்தான். சிறுபிள்ளைகளுக்கு முடி வெட்ட நாற்காலிக் கைகளின் மேல் குறுக்காகப் போடும் பலகையில் ஏறி உட்கார்ந்துகொண்டு, வருகிறவர்களை எல்லாம் கண்ணாடி வழியாக விசாரித்தாள்.

"அங்கிள், உங்களுக்கு நடுவுல மட்டும் காலியா இருக்கே, தெரியுமா?"

அந்த மனிதர் பத்து வருஷமாக அதை மறைத்துச் சீவிக்கொண்டிருந்தார். பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்துப் புரண்டார்கள். அவரும் வேறு வழியில்லாமல் சிரித்தார். மறுவாரம் வேலை எதுவும் இல்லாமலே இரண்டு முறை கடைக்கு வந்து போனார்.

விடுமுறை கரையக் கரைய சலூன்காரர் நாள்காட்டியில் தாள் கிழிப்பதையே நிறுத்திவிட்டார். சித்தி போன் செய்தாள். "லீவு முடியற ஞாயித்துக்கிழமை வந்து கூட்டிட்டுப் போறேன் மாமா."

"பாக்கலாம்மா," என்று சொல்லிப் போனை வைத்தார். அது நல்ல பதில் இல்லை என்று அவருக்கே தெரிந்தது. மறுநாள்தான் பாதி முகத்துக்காரர் வந்து உட்கார்ந்தார்.

அதே பெஞ்சில் வழக்கமாக உட்காருகிற வக்கீல் ஒருவர் இருந்தார். மீசையை ஒதுக்கிவிட வாரம் தவறாமல் வருவார். அவர் விஷயத்தைக் கையில் எடுத்துக்கொண்டார்.

"எந்த கோர்ட்ல போடறது சார்?" என்று கேட்டார் சலூன்காரர்.

"என்ன கேள்வி இது? நம்ம ஊர் கோர்ட்லதான். பொண்ணு இங்க இருக்கா, அவ பேருக்கு வர்ற வீடு இங்க இருக்கு, நீங்க இங்க இருக்கீங்க. வேற என்ன வேணும்? அதுவும் போக, ஜட்ஜ் யாரு? மாசாமாசம் உங்க கையில தலையைக் குடுக்கிறவராச்சே!"

சலூன்காரருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. குழந்தைக்கும் வீட்டுக்கும் தன்னையே காப்பாளராக நியமிக்க வேண்டும் என்று ஒரே மனுவில் கேட்டார். அவசர மனு என்பதால் விடுமுறை முடிவதற்குள்ளேயே தேதி கிடைத்தது.

மனைவிக்கு இது பிடிக்கவில்லை. "குழந்தையோட சித்திகிட்ட ஒரு வார்த்தை பேசியிருக்கலாமே," என்றாள். "பேசினா அழுவா, அவ அழுதா நான் விட்டுக்குடுத்துடுவேன்," என்றார் அவர். அவருடைய வாதத்தில் இருந்த ஓட்டை அவருக்குப் புலப்படவில்லை.

ஒன்று மட்டும் உறுத்தியது. அந்த மாதம் நீதிபதி முடிவெட்ட வரவில்லை. அவருக்கென்று ஒதுக்கும் காலைப் பொழுதில் நாற்காலி காலியாகவே கிடந்தது.

விசாரணை நாளன்று காரணம் தெரிந்தது. நீதிபதி வந்து இருக்கையில் அமர்ந்ததும் சலூன்காரருக்குத் தூக்கிவாரிப் போட்டது. வழக்கில் சம்பந்தப்பட்டவர் கையில் தலையைக் கொடுக்கக் கூடாதென்று மனிதர் வேறெங்கோ போயிருக்கிறார். இடது காதுக்கு மேலே முடி ஏறியிருந்தது, வலது காதுக்கு மேலே இறங்கியிருந்தது. குனிந்தபோது பின்கழுத்தில் படிக்கட்டே தெரிந்தது. வழக்கு என்ன ஆகும் என்ற கவலையைக்கூட மறந்து, சலூன்காரரின் கைவிரல்கள் தாமாகவே கத்தரி பிடித்தன.

சித்தி இன்னும் வந்து சேரவில்லை. எல்லோரும் வாசலைப் பார்த்துக்கொண்டிருக்க, வெளியே ஒரு கார் மூன்று முறை உறுமி அடங்கியது. கூரையில் பயிற்சிப் பள்ளிப் பலகை வைத்த சிறிய கார் அது. நீதிமன்ற வாசலைக் குறுக்காக அடைத்துக்கொண்டு நின்றது. ஓட்டுநர் பக்கமிருந்து நடுத்தர வயதுப் பெண் ஒருத்தி, கறுப்பு அங்கியோடு, வியர்த்து வழிய இறங்கினாள். சித்தியின் வக்கீல் அவள்தான், மாணவியும் அவள்தான். ஓட்டுநர் தேர்வில் மூன்று முறை தோற்றவள். நீண்ட தூரம் ஓட்டினால் கை பழகும் என்று சித்தி அவளையே ஓட்டிவரச் சொல்லியிருந்தாள்.

"மன்னிக்கணும், லேட் ஆயிடுச்சு," என்றாள் வக்கீலம்மா. "திருப்பம் எல்லாம் ரொம்ப நிறைய."

மீசை வக்கீல் எழுந்து, குழந்தை இப்போது இந்த ஊரில் பெரியப்பா வீட்டில் இருக்கிறாள், அவளுக்குச் சேரவேண்டிய வீடும் இந்த ஊரில்தான் இருக்கிறது, ஆகவே விசாரிக்கும் அதிகாரம் இந்த நீதிமன்றத்துக்கே என்று முழங்கினார். கடைப் பெஞ்சில் இருந்து வந்திருந்த கூட்டம் தலையாட்டியது.

வக்கீலம்மா எழுந்தாள். காரில் இருந்த நடுக்கம் இப்போது போன இடம் தெரியவில்லை.

"குழந்தை இங்க இருக்கு, உண்மைதான். ஆனா இங்க வசிக்கல. இருக்கறது வேற, வசிக்கறது வேற. இப்ப நானும்தான் இந்த ஊர்ல இருக்கேன். அதுக்காக நான் இந்த ஊர்க்காரி ஆயிடுவேனா?"

"நீங்க காரை நிறுத்தியிருக்கற விதத்தைப் பாத்தா, இங்கயே இருந்துடறதா உத்தேசம் போலிருக்கு," என்றார் நீதிபதி. "ஒரு வண்டியும் வெளிய போக முடியலையாம்."

சித்தி ஓடிப்போய்க் காரை நகர்த்திவிட்டு வந்தாள். அதற்குள் நீதிபதி, குழந்தையோடு தனியாகப் பேச வேண்டும் என்று அவளைத் தன் அறைக்குள் அழைத்துக்கொண்டு கதவைச் சாத்தியிருந்தார். பெரியவர்கள் எல்லோரும் வெளியே வராந்தாவில் நின்றார்கள்.

நீதிபதியின் குரல் வெளியே கேட்கவே இல்லை. ஆனால் அவளுக்கு டமாரம் என்று சும்மா பெயர் வைக்கவில்லை. அவள் சொன்ன பதில்கள் மட்டும் கதவைத் தாண்டி, வராந்தாவைத் தாண்டி, டீக்கடை வரைக்கும் கேட்டன.

"எட்டு!"

சற்று இடைவெளி.

"இங்கதான் இருக்கேன்னு சொல்லணும்னு பெரியப்பா சொன்னாரு!"

சலூன்காரர் முகத்தில் ஈயாடவில்லை. மீசை வக்கீல் திரும்பி அவரைப் பார்த்த பார்வையில் மீசையே தொங்கிப்போனது. உள்ளே நீதிபதி சிரிப்பது இப்போது முதல் முறையாகக் கேட்டது.

"இல்ல சார், நான் லீவுக்கு வந்தேன்! லீவு முடிஞ்சா வீட்டுக்குப் போயிடுவேன்!"

மறுபடியும் அமைதி.

"ஸ்கூல் அங்க. நீச்சல் கிளாஸ் அங்க. பூனை அங்க. இந்தப் பல்லு ஆட ஆரம்பிச்சதுகூட அங்கதான்!"

சித்தி வாயைப் பொத்திக்கொண்டாள். அவள் சிரிக்கிறாளா அழுகிறாளா என்று சலூன்காரரால் கண்டுபிடிக்க முடியவில்லை.

"ரெண்டு பேரையும்தான் பிடிக்கும்! பெரியம்மாவையும் சேத்தா மூணு பேரு!" பிறகு, எல்லாவற்றையும்விடச் சத்தமாக: "சார், உங்க முடியை யாரு சார் இப்படிப் பண்ணினது? எங்க பெரியப்பாகிட்ட வாங்க!"

வராந்தாவில் நின்ற காவலர்கூடச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

நீதிபதி வெளியே வந்து உத்தரவைச் சொல்ல அதிக நேரம் எடுத்துக்கொள்ளவில்லை. முகத்தைக் கடுமையாக வைத்துக்கொள்ள மிகவும் பாடுபட்டார்.

"குழந்தை யார்கிட்ட இருக்கணும்னு நான் சொல்லப் போறதில்ல. அதைச் சொல்ல வேண்டிய கோர்ட் இது இல்லன்னு மட்டும்தான் சொல்றேன். வீட்டைப் பத்தி மட்டும் மனு போட்டிருந்தா, வீடு இருக்கற ஊர்ங்கற முறையில நான் விசாரிச்சிருக்கலாம். நீங்க குழந்தையையும் வீட்டுச் சாமானோட சாமானா சேத்துப் போட்டிருக்கீங்க." மீசை வக்கீல் தரையைப் பார்த்தார். "குழந்தை விஷயத்துல, அது வழக்கமா எந்த ஊர்ல வாழுதோ அந்த ஊர் கோர்ட்டுக்குத்தான் அதிகாரம். ஏன்னு யோசிச்சுப் பாருங்க. இவளோட டீச்சர் அங்க இருக்காங்க, டாக்டர் அங்க இருக்காங்க, பக்கத்து வீடு அங்க இருக்கு. இவ எப்படி இருக்கான்னு விசாரிக்கணும்னா அவங்களைத்தானே கேக்கணும்? லீவுக்கு வர்ற இடம் எவ்வளவுதான் பிரியமான இடமா இருந்தாலும், அது லீவுக்கு வர்ற இடம்தான்."

மனு கைக்குத் திரும்பி வந்தது. வேண்டுமானால் உரிய நீதிமன்றத்தில் போட்டுக்கொள்ளலாம்.

காரில் ஏறியதும் டமாரம் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினாள். "பெரியப்பா, தோத்துட்டீங்களா?"

"இல்லம்மா. கோர்ட்டுதான் தப்பாம்."

"அப்ப சரியான கோர்ட்டுக்கு வாங்க! எங்க வீட்டுலயே தங்கிக்கலாம். என் ரூமைத் தரேன்!"

சித்தி முன்னால் பார்த்தபடி சீட் பெல்ட்டை மாட்டிக்கொண்டாள். வக்கீலம்மா வண்டியை எடுத்தாள். அது முதலில் பின்னால் போனது. பிறகு யோசித்து முன்னால் போனது.

அதற்கப்புறம் சில நாட்களுக்குக் கடையில் சட்டம் பேச யாருக்கும் வாய் வரவில்லை. பாதி முகத்துக்காரர் முழு முகத்தையும் மௌனமாகவே சவரம் செய்துகொண்டு போனார். டமாரம் ஏறி உட்கார்ந்த பலகை சுவரில் சாய்ந்து கிடந்தது.

ஒரு காலையில் நீதிபதி வந்தார். "இப்ப உங்க வழக்கு எதுவும் என்கிட்ட இல்ல," என்று சொல்லிவிட்டு நாற்காலியில் சாய்ந்தார். "சீக்கிரம் இதைச் சரிபண்ணுங்க. என் மனைவி என்னோட வெளிய வரவே மாட்டேங்கறா."

சலூன்காரர் அவர் தலையைச் சுற்றிச் சுற்றி வந்து ஆராய்ந்தார். "யார் சார் இந்தக் கொடுமையைப் பண்ணினது?"

"அதைச் சொன்னா அவர் மேல வழக்குப் போடுவீங்க. அது எந்த கோர்ட்டுக்கு வரும்னு வேற யோசிக்கணும்."

இருவரும் சிரித்தார்கள். வழக்கைப் பற்றி அதற்கு மேல் ஒரு வார்த்தை அவர்களுக்குள் வரவில்லை.

அன்று மதியம் சாப்பிடும்போது மனைவி கேட்டாள்: "அடுத்து என்ன பண்ணப் போறீங்க?"

"அந்த ஊர்லயே போய்ப் போடறேன்."

"போடுங்க. போடறதுக்கு முன்னாடி ஒரு நாள் அங்க இருந்து பாருங்க. இத்தனை வருஷத்துல தம்பி வீட்டுக்கு எத்தனை தடவை போயிருப்பீங்க? நல்லதுக்கு ஒண்ணு, கெட்டதுக்கு ஒண்ணு. அவ்வளவுதானே?"

அது உண்மை. கடையை விட்டு நகர முடியாது என்று எப்போதும் ஒரு காரணம் இருந்தது.

திங்கட்கிழமை கடைக்கு விடுமுறை. ஞாயிறு மதியமே அடைத்துவிட்டுக் கிளம்பினார். பஸ் நிலையத்தில் பயிற்சிப் பள்ளிக் காரோடு சித்தி நின்றுகொண்டிருந்தாள்.

"உன் மேல கேஸ் போடத்தான் வந்திருக்கேன்," என்றார் அவர், எதையும் மறைக்க விரும்பாமல்.

"தெரியும் மாமா. உங்க வீட்டு அக்கா போன்ல டமாரத்துகிட்ட சொல்லியிருக்காங்க. அவகிட்ட சொன்னா எனக்கு வராதா? எனக்கு மட்டுமா, தெருவே அவகிட்ட கேட்டுச்சு, உங்க பெரியப்பா எப்ப வந்து கேஸ் போடறார்னு. ஏறுங்க."

தெருவில் இறங்கியதும் அது எவ்வளவு உண்மை என்று தெரிந்தது. எதிர்வீட்டு அம்மாள் மாடியில் துணி உலர்த்தியபடியே, "வாங்க, நீங்கதான் அந்த கேஸ் பெரியப்பாவா?" என்று வரவேற்றாள். பூனை அவரை முகர்ந்து பார்த்து ஏற்றுக்கொண்டது. டமாரம் தன் அறையை அவருக்குக் கொடுத்துவிட்டு, தன்னுடைய தலையணையையும் கொடுக்கலாமா என்று நீண்ட நேரம் யோசித்துவிட்டு, கொடுக்கவில்லை.

மறுநாள் காலை அவளைப் பள்ளிக்கூட வாசலில் விடப் போனார். உள்ளே நுழைவதற்குள் ஐந்தாறு பிள்ளைகள் அவளைச் சூழ்ந்துகொண்டார்கள். காவலாளி பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுப் பல் விழுந்ததா என்று கேட்டார். அவள் வாயைத் திறந்து காட்டினாள். திரும்பிப் பார்த்துக் கையசைக்கக்கூட மறந்து உள்ளே ஓடிப்போனாள். சலூன்காரர் வாசலிலேயே சற்று நேரம் நின்றார். அவளை இங்கிருந்து தூக்கிக்கொண்டு போவதென்றால் எதையெல்லாம் கூடவே தூக்க வேண்டியிருக்கும் என்று அவருக்கு அப்போதுதான் கணக்குத் தட்டுப்பட்டது. பெட்டியில் அடங்குகிற சாமான் அதில் ஒன்றுகூட இல்லை.

சித்தி அவரை நீதிமன்றத்துக்கு அழைத்துப் போனாள். எதிரே மரநிழலில் காரை நிறுத்தினாள். இருவரும் இறங்கவில்லை.

"ஒண்ணு கேக்கணும் மாமா. ஏன் என்கிட்ட கேக்கவே இல்ல? நேரா கோர்ட்டுல இருந்து நோட்டீஸ்தான் வந்துச்சு. பிரிச்சுப் பாத்தா என் பேரு எதிர்மனுதாரர்னு இருக்கு. நான் உங்களுக்கு எப்ப எதிரி ஆனேன்?"

அவர் கையைப் பிசைந்தார். நாள்முழுக்கக் கண்ணாடி வழியாகவே பேசிப் பழகிய மனிதர், காரின் முன்கண்ணாடியில் அவள் முகத்தைத் தேடினார்.

"அவ பேசறது அப்படியே என் தம்பி பேசற மாதிரி இருக்கும்மா," என்றார் கடைசியில். "அவனும் சின்ன வயசுல இப்படித்தான். எதையும் அடக்கத் தெரியாது. அவன் போனப்புறம் அந்தச் சத்தம் கேக்கற இடம் இவ ஒருத்திதான். லீவு முடியப்போகுதுன்னதும் எனக்கு என்ன பண்றதுன்னே தெரியல."

சித்தி ஸ்டியரிங்கில் விரலால் தட்டிக்கொண்டே இருந்தாள்.

"எனக்கும் சொல்றதுக்கு இருக்கு மாமா. சனிக்கிழமை ஆனா எனக்கு காலையில இருந்து சாயங்காலம் வரைக்கும் வகுப்பு. அவளைப் பாத்துக்க ஆள் இல்லாம பின்சீட்டுல உக்கார வெச்சுக் கூட்டிட்டுப் போறேன். அவ அங்க இருந்து 'பிரேக்கு! பிரேக்கு!'ன்னு கத்தறா. போன மாசம் ஒருத்தர் பயந்துபோய் நடுரோட்டுல இறங்கி வீட்டுக்கு நடந்தே போயிட்டாரு. எனக்கு உதவிக்கு ஆள் வேணும்னு சொல்லத் தோணல. சொன்னா, உன்னால முடியலைன்னா குடுத்துடுன்னு சொல்லிடுவீங்களோன்னு பயம்."

சலூன்காரருக்கு முதலில் வந்தது சிரிப்பு. நடுரோட்டில் இறங்கி நடந்த மனிதரை அவரால் தெளிவாகப் பார்க்க முடிந்தது. அவர் சிரிக்க, அவளும் சிரித்துவிட்டாள். சிரித்து முடித்தபோது கண்ணைத் துடைக்க வேண்டியிருந்தது, இருவருக்கும்.

"சனிக்கிழமை எனக்கும் கூட்டம் நெரியும்," என்றார். "ஆனா என் வீட்டுக்காரிக்கு என்ன வேலை? வெள்ளிக்கிழமை பஸ் ஏறினா ஞாயிறு வரைக்கும் இருந்துட்டு வரட்டும். கரும்பு தின்னச் சொன்ன மாதிரிதான் அவளுக்கு."

"லீவு முழுக்க உங்ககிட்டதான் மாமா. அதுல மாத்தமே இல்ல."

"அப்ப நான் உள்ள போய் என்னன்னு மனு போடறது?"

"அதுக்குத்தான் நமக்கு வக்கீல் இருக்காங்களே," என்று வண்டியைக் கிளப்பினாள் சித்தி.

வக்கீலம்மா இருவர் பெயரிலும் ஒரே மனுவாக எழுதினாள். குழந்தைக்குச் சித்தி காப்பாளர், விடுமுறை நாட்கள் பெரியப்பா வீட்டில், பூட்டிக் கிடக்கும் வீட்டை இருவரும் சேர்ந்து பார்த்துக்கொள்வது. வீட்டுக் கூரை ஒழுகுவதால் அதை உடனே கவனிக்க வேண்டும் என்பதையும் சலூன்காரர் சேர்க்கச் சொன்னார். அந்த வரியை வக்கீலம்மா சேர்த்தாள். மீசை வக்கீலைப் பற்றி அவர் சேர்க்கச் சொன்ன வரியைச் சேர்க்கவில்லை.

விசாரணைக்குச் சலூன் பெஞ்சுக்காரர்கள் வேன் பிடித்து வந்துவிட்டார்கள். எதிர்வீட்டு அம்மாளும் வந்திருந்தாள். அந்த ஊர் நீதிபதி ஒரு பெண்மணி. நிரம்பி வழிந்த கூடத்தைக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.

"எதிர்மனுதாரர் யாரு?"

"அப்படி யாரும் இல்லைங்கம்மா," என்றாள் வக்கீலம்மா.

"எதிர்க்க யாருமே இல்லைன்னா இத்தனை பேரு எதுக்கு வந்திருக்கீங்க?"

"நான்தான் வரச்சொன்னேன்!" என்றது பின்வரிசையில் இருந்து ஒரு குரல்.

ஆசிரியையிடமும் எதிர்வீட்டு அம்மாளிடமும் நீதிபதி பொறுமையாக விசாரித்தார். டமாரத்தோடும் தனியே பேசினார். பிறகு, மனுவில் கேட்டபடியே உத்தரவானது.

அடுத்த மாதம் பள்ளிக்கூடத்தில் பெற்றோரைக் கூப்பிட்டிருந்தார்கள். ஒரு பிள்ளைக்கு இரண்டு நாற்காலிதான் போட்டிருந்தார்கள். சித்தியும் பெரியம்மாவும் உட்கார, கடையை அடைத்துவிட்டு ஓடிவந்த சலூன்காரர் பின்னால் நின்றுகொண்டார். ஆசிரியை நிமிர்ந்து பார்த்தார்.

"படிப்புல ஒரு குறையும் இல்ல. ஆனா வகுப்புல ரொம்பப் பேசறா. வீட்டுல யாராவது கொஞ்சம் கண்டிச்சு வைக்கணும்."

மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"அது எங்க அதிகாரத்துல இல்லீங்க டீச்சர்," என்றார் சலூன்காரர். ஆசிரியை பக்கத்து அறையில் இருந்து அவருக்கும் ஒரு நாற்காலி கொண்டுவரச் சொன்னார்.